பிடி அரிசி எந்தப் பகுதியில் வரும்?

1

இந்தக் கதை எரிச்சலில் பிறந்தது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பின்னால் யாரும் கண்டுபிடித்துச் சொன்னதாக இருக்க வேண்டாம்.

மதுரையிலிருந்து வரும் ஓர் ஆய்விதழுக்குச் சுயம்புலிங்கம் என்பவர் ஆசிரியர். எனக்கு வெகு நாள் பழக்கம், நல்ல மனிதர். சாதாரணமாகப் பேசும்போதுகூட உள்தலைப்பு போட்டுப் பேசுவார். தென் மாவட்டங்களின் 1930களைப் பற்றிச் சிறப்பு மலர் போடுகிறோம், நீங்களும் ஒன்று எழுத வேண்டும் என்றார். எழுதினேன். ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பக்கத்துக் கிறிஸ்தவச் சபைகளில், உலையில் அரிசி போடுவதற்கு முன்னால் பெண்கள் கடவுளுக்கென்று ஒரு பிடி எடுத்து வைப்பார்கள். அந்தப் பிடி அரிசியைப் பற்றிய கட்டுரை.

படித்துவிட்டு அழைத்தார். கட்டுரை அருமை, ஆனால் மலரில் மூன்று பகுதிகள்: சமூகம், அரசியல், பொருளாதாரம். உங்களுடையது எதில் வரும் என்று கேட்டார். மூன்றிலும்தான் என்றேன். மூன்றிலும் போட முடியாதே மேடம், பக்க எண் ஒன்றுதானே என்றார். பிறகு அவரே ஒரு வழி சொன்னார். சாதி, மதம், சபைக் கூட்டம் இதையெல்லாம் எடுத்துவிட்டுக் கூலியை மட்டும் வைத்துக்கொண்டால் பொருளாதாரத்தில் கச்சிதமாக உட்கார்ந்துவிடுமாம்.

எடுக்க மாட்டேன் என்றேன். கட்டுரையைத் திரும்ப வாங்கிக்கொண்டு இதை எழுத உட்கார்ந்தேன். கதை என்றால் எந்தப் பகுதி என்று எவரும் கேட்க மாட்டார்கள் என்று நம்பினேன்.

(கேட்கிறார்கள். அதைப் பின்னால் சொல்கிறேன்.)

நான் கிருஷ்ணன்கோவில் பக்கத்தில் ஒரு கல்லூரியில் பொருளாதாரம் நடத்துகிறேன். வகுப்பில் சாதி என்று வாயெடுத்தால் 'மேடம், இது எந்த யூனிட்?' என்று ஒரு கை உயரும். பிள்ளைகளைக் குறை சொல்ல மாட்டேன். கல்லூரிப் பேருந்து கிளம்புவதற்குள் அவர்கள் குறிப்பெடுத்து முடிக்க வேண்டும். எங்கள் கட்டடத்தில் மூன்று துறைகளும் ஒரே மாடியில்தான் இருக்கின்றன. தண்ணீர்க் கேன் மட்டும் தனித்தனி.

இனி வருவதில் ஊர் கற்பனை, ஆட்கள் கற்பனை, தகரக் குவளையும் கற்பனை. ஆதாரம் கேட்காதீர்கள். ஆதாரமெல்லாம் கட்டுரையில் இருந்தது. அதைத்தான் வெட்டச் சொன்னார்கள்.

2

சுயம்புலிங்கத்தின் மேல் மரியாதை உண்டு என்பதால் அவர் வழியிலேயே மூன்று தொடக்கங்கள் எழுதிப் பார்த்தேன். மூன்றையும் அடிக்காமல் அப்படியே விட்டுவைக்கிறேன்.

பொருளாதாரத் தொடக்கம்: 'முப்பதுகளின் ஆரம்பத்தில் நெல் விலை சரிந்ததைத் தொடர்ந்து, ஸ்ரீவில்லிபுத்தூருக்கு மேற்கே அறுவடைக் கூலியாகக் களத்தில் அளக்கப்பட்ட நெல்லின் அளவும்

இதற்கு மேல் போக முடியவில்லை. 'அளக்கப்பட்ட' என்று எழுதினேன். யார் அளந்தது? அந்த வினைச்சொல்லுக்குப் பின்னால் ஓர் ஆள் ஒளிந்துகொண்டிருக்கிறார். அவரை வெளியே இழுத்தால் அரசியல் பகுதிக்குப் போய்விடும்.

அரசியல் தொடக்கம்: '1937 தேர்தலுக்கு ஓட்டுக் கேட்டு, கொடி கட்டிய கார் ஒன்று ராஜபாளையத்திலிருந்து கிளம்பி மகாராஜபுரம் ரோட்டில் புழுதி பறக்க வந்தபோது

கார் போய்விட்டது. என் கதையின் ஆட்கள் இருக்கும் தெருவில் அது நிற்கவே இல்லை. சொத்தோ வரியோ படிப்போ இருந்தவர்களுக்குத்தான் அன்றைக்கு ஓட்டு. அந்தத் தெருவில் நின்று என்ன பயன் என்று காரில் இருந்தவர்களுக்குத் தெரியும். கதையும் அவர்களோடு காரில் ஏறிப் போகப் பார்த்தது, பிடித்து இறக்கினேன்.

சமூகத் தொடக்கம்: 'ஊருக்கு வெளியே இருந்த அந்தத் தெருவில் கிறிஸ்தவர்களான வேதக்காரர் வீடுகளும் மாரியம்மனைக் கும்பிடுகிறவர்கள் வீடுகளும் கலந்தே இருந்தன. சாதி ஒன்று, கிணறு ஒன்று

இது பரவாயில்லை. ஆனால் இப்படி ஆரம்பித்தால் அந்தத் தெருவில் யாருக்கும் பசிக்காது. எல்லோரும் மரபைப் பேணிக்கொண்டே இருப்பார்கள்.

ஆகவே நான்காவது: 

ஜெயக்கொடி உலையில் போட வைத்திருந்த அரிசியிலிருந்து ஒரு பிடியை எடுத்துக் கலயத்தில் போட்டாள்.

இது நிற்கும். இதிலிருந்து போவோம்.

3

ஜெயக்கொடிக்கு முப்பது வயது என்று வைத்துக்கொள்ளுங்கள். பண்ணை வயலில் நடவு, களை, அறுப்பு என்று எல்லா வேலைக்கும் போகிறவள். புருஷன் எலியேசர் ராஜபாளையத்துக்குப் பருத்திப் பொதி ஏற்றிப்போகும் வண்டிக்காரர். ஒரே மகள் அருள்செல்வி, சபைப் பள்ளிக்கூடத்தில் இரண்டாம் வகுப்பு. பள்ளிக்கூடம் என்றால் வேறு கட்டடம் இல்லை. ஞாயிற்றுக்கிழமை கோயிலாக இருக்கும் மண்சுவர்க் கூரைக்கட்டடம் மற்ற நாளில் பள்ளிக்கூடம். ஞாயிறு பிரசங்கம் பண்ணும் உபதேசியார் வேதசிரோமணியேதான் மற்ற நாளில் வாத்தியார்.

அவருடைய சாப்பாடு பெரும்பாலும் பிடி அரிசியில்தான் நடந்தது. ஒவ்வொரு வேதக்கார வீட்டிலும் அடுப்புப் பக்கத்தில் ஒரு சிறு கலயம் இருக்கும். உலை வைக்கும்போதெல்லாம் அந்த வீட்டுப் பெண் ஒரு பிடி அதில் போடுவாள். சனிக்கிழமை உபதேசியாரின் மனைவி ஓலைப்பெட்டியோடு வந்து வாங்கிப் போவார். பிடி என்றால் எவ்வளவு என்று யாரும் கேட்டதில்லை. அவளவள் கை, அவ்வளவுதான்.

இதில் சபை ஆண்களுக்குச் சம்பந்தமே கிடையாது. அவர்கள் வருஷச் சந்தா கட்டினார்கள். சந்தா கட்டியவர்களுக்குச் சபைக் கூட்டத்தில் கைதூக்க உரிமை. பிடி அரிசி காணிக்கை என்பதால், போட்டவளுக்கு ஆசீர்வாதம் மட்டும்.

நெல் விலை விழுந்த வருஷங்களில் பண்ணை கூலியைக் குறைத்தது. எப்படியென்றால், களத்தில் கூலி நெல் அளக்கும் மரக்காலை மாற்றிச் சிறியது ஒன்றைக் கொண்டுவந்து வைத்தது. காலம் சரியாகும்வரைதான் என்று பண்ணையின் காரியஸ்தர் மலைச்சாமி சொன்னார். காலம் கொஞ்சம் சரியானது. பழைய மரக்கால் மட்டும் ஸ்ரீவில்லிபுத்தூரில் இருந்த பண்ணை வீட்டைவிட்டுத் திரும்பி வரவில்லை.

* வகுப்பில் இதைக் கரும்பலகையில் எழுதிக் காட்டுவேன். கூலியே நெல்லாக இருக்கும்போது, விலை விழுந்தால் கூலியின் மதிப்பும் தானாகவே விழுந்துவிடுகிறது. ஆக, சுமையைக் கூலிக்காரி ஏற்கெனவே சுமந்தாயிற்று. அதற்கு மேல் மரக்காலையும் சிறிதாக்குவது என்ன பொருளாதாரம் என்று கேட்பேன். அது பொருளாதாரமே இல்லை, பண்ணையால் முடிந்தது, செய்தது. முடிந்தது என்பதைப் படிக்கத்தான் மற்ற இரண்டு துறைகளும் வேண்டியிருக்கின்றன.

கூலி சுருங்கியதும் கையும் சுருங்கியது. யாரும் பேசி வைத்துக்கொள்ளவில்லை. அரிசிக்குள் போன கை முன்னைப்போல அகலமாக விரியவில்லை, அவ்வளவுதான். வேதசிரோமணியின் வீட்டில் அது உடனே தெரிந்தது. அவரைக் கெட்டவராக எழுத எனக்கு ஆசை, ஆனால் வரவில்லை. அவருக்கும் பிள்ளைகள் இருந்தன. மேலிடத்திலிருந்து பள்ளிக்கு வந்துகொண்டிருந்த பணமும் அந்த வருஷங்களில் குறைந்திருந்தது. பள்ளியை மூடிவிட்டு வேறு ஊருக்குப் போயிருக்கலாம், போகவில்லை.

அதற்குப் பதில் ஒரு தப்புப் பண்ணினார். ஸ்ரீவில்லிபுத்தூர்க் கடைத்தெருவில் தகர வேலை செய்கிறவரிடம் சொல்லி, வீட்டுக்கு ஒன்றாக, ஒரு பிடிக்குச் சற்றுக் கூடவே கொள்ளும் தகரக் குவளைகள் செய்து வாங்கினார். 1936 ஐப்பசியில் ஒரு ஞாயிறு ஆராதனை முடிந்ததும் பெண்களிடம் கொடுத்தார். இனிமேல் கைக்கணக்கு வேண்டாம், தலை தட்டி ஒரு குவளை என்றார். முதல் சனிக்கிழமையே குறைவாக இருந்த வீடுகளின் அரிசி திருப்பி அனுப்பப்பட்டது. அதில் ஜெயக்கொடியின் வீடும் ஒன்று.

அளவு போட்டால் ஒழுங்கு வரும் என்று அவர் நினைத்தார். என்ன வந்தது என்பதுதான் மீதிக் கதை.

4

இந்த இடம்வரை எழுதிச் சுயம்புலிங்கத்துக்கே அனுப்பினேன். வீம்புதான். அவர் படித்தார், அது அவருடைய பெருந்தன்மை. ஒரு சந்தேகம் கேட்டார். அந்தக் காலத்து ஒரு கூலிக்காரப் பெண், வரி, ஓட்டு, கூலி என்று முடிச்சுப் போட்டு யோசிப்பாளா? நீங்கள் உங்கள் மூளையை அவள் தலையில் வைக்கிறீர்கள், மேடம்.

இந்தக் கேள்வி எனக்கும் வந்தது. இரண்டு நாள் எழுதாமல் விட்டுவிட்டேன். பிறகு கோபம் வந்து எழுதினேன். ஏனென்றால் முடிச்சுப் போட்டது அவள் இல்லை, நானும் இல்லை. அவள் வாழ்க்கையில் அது பிரிந்தே கிடந்ததில்லை. பிரித்தது நாங்கள், பிரித்து ஆளுக்கொரு நாற்காலி போட்டுக்கொண்டோம்.

அவளுக்கு அது எப்படித் தெரிந்தது என்றுகூடச் சொல்லிவிடுகிறேன். எலியேசர் ஒரு நாள் ராஜபாளையத்திலிருந்து திரும்பி வந்தவர், வாசலில் மாட்டை அவிழ்த்துக்கொண்டே ஒரு வேடிக்கை சொன்னார். ஓட்டுக் கேட்கும் கார் அவர் வண்டிப் பக்கம் நின்றதாம். வரி கட்டுகிறாயா என்று கேட்டார்களாம். இல்லை என்றதும் மேலே பேசாமல் போய்விட்டார்களாம். எலியேசர் அதைச் சொல்லிச் சிரித்தார். ஜெயக்கொடி சிரிக்கவில்லை. வரி கட்டுறவனுக்குத்தான் ஓட்டு என்பதை இரண்டு தடவை சொல்லச் சொல்லிக் கேட்டுக்கொண்டாள்.

போதுமா, சுயம்புலிங்கம்?

இன்னொருத்தியும் இருக்கிறாள். பெத்தம்மாள், மாரியம்மனைக் கும்பிடுகிறவள். அறுப்புக்கு ஆள் சேர்த்துக் கூட்டிப் போவது அவள்தான். வயலில் அவளும் ஜெயக்கொடியும் பக்கத்துப் பக்கத்து நிரை. தகரக் குவளை வந்த செய்தி தெருவில் பரவியதும் அவள் ஜெயக்கொடியைச் சும்மா விடவில்லை.

"ஏட்டி, பண்ணை சின்ன மரக்கால் வச்சுது. ஒங்க ஆளு பெரிய தகரம் வச்சிருக்காரு. ரெண்டும் ஒரே கடையில வாங்குனதா?"

கேலிதான். ஆனால் களை எடுத்த நாள் முழுக்க அந்தக் கேலி ஜெயக்கொடியோடு கூடவே வந்தது. கார்த்திகை முடிவதற்குள் இரண்டு பேரும் பேசி ஒரு முடிவுக்கு வந்திருந்தார்கள். பழைய மரக்கால் களத்துக்கு வராமல் தை அறுப்புக்கு யாரும் இறங்குவதில்லை. கதிர் முற்றிவிட்டால் நெல் காத்திருக்காது, உதிரும். ஆனால் வயிறும் காத்திருக்காது. அறுப்பில்லாத நாட்களை வேதக்காரர் பக்கம், மாரியம்மன் பக்கம் என்று இரண்டு பக்கத்து வீடுகளும் எதைத் தின்று கழிப்பது என்ற கேள்வி வந்தபோது, பிடி அரிசி இருக்கிறது என்றாள் ஜெயக்கொடி. இனி அது உபதேசியார் வீட்டுக்குப் போகாது, இங்கேயே சேரும் என்றாள். பெத்தம்மாள் தன் பக்கத்து வீடுகளிலும் அன்றைக்கே கலயம் வைக்கச் சொன்னாள்.

* அரிசியை யார் சேர்க்கிறார்கள், யாருக்காகச் சேர்க்கிறார்கள், எதை எதிர்த்துச் சேர்க்கிறார்கள்? மூன்று கேள்விக்கும் ஒரே கலயம். இதை மூன்று பகுதியாக வெட்டுவதென்றால் கலயத்தை உடைக்க வேண்டும்.

5

இப்போது கதையில் ஒரு தந்திரம் வருகிறது. நான் வைத்ததில்லை, மலைச்சாமி வைத்தது.

வேலைக்கு ஆள் வராது என்று மோப்பம் பிடித்த மலைச்சாமி நேராக வேதசிரோமணியிடம் போனார். சபைக் கட்டடம் நிற்கும் இடம் பண்ணை வாய்வார்த்தையாகக் கொடுத்தது என்பதை நினைவுபடுத்தினார். அதை அழுத்திச் சொல்லக்கூட இல்லை, சும்மா சொன்னார். பிறகு ஒரு சலுகை சொன்னார். வேதக்காரப் பெண்களுக்கு மட்டும் பழைய மரக்காலில் அளக்கலாம். மற்றவர்களுக்குச் சின்னதே இருக்கட்டும். ஒரே நிபந்தனை, வேதக்காரப் பெண்கள் முதல் நாளே அறுப்புக்கு இறங்க வேண்டும்.

வேதசிரோமணிக்கு இது ஜெபத்துக்குக் கிடைத்த பதிலாகவே பட்டது. கூலி கூடும், குவளை நிறையும், பள்ளிக்கூடம் பிழைக்கும். சபையின் வருஷக் கூட்டத்தில் வைத்துத் தீர்மானமாக எடுத்துவிடலாம் என்று தெரு முழுக்கச் சொல்லி அனுப்பினார்.

அருமையான சலுகை என்று நீங்கள் நினைத்தால் உங்களைத் திட்ட மாட்டேன். எனக்கும் முதலில் அப்படித்தான் பட்டது. ஜெயக்கொடி ஒத்துக்கொள்வாள் என்று ஒரு வடிவம்கூட எழுதினேன். அதில் அவள் நன்றாக இருந்தாள், கதைதான் செத்துப்போனது.

கூட்டத்தன்று காலையில் அவளுக்கும் எலியேசருக்கும் நடந்த பேச்சை மட்டும் அப்படியே தருகிறேன்.

"அருளு பள்ளிக்கூடத்த நெனச்சுப் பாத்தியா?" என்றார் எலியேசர். "நீங்க அரிசிய இப்பிடியே நிறுத்துனா உபதேசியார் அவிய எத்தன நாளைக்கு இருப்பாவ?"

"நெனச்சேன். அவ படிச்சு வந்து இதே சின்ன மரக்கால்ல வாங்கவா?"

"ஒனக்குத்தான் பெருசு தாரேங்காவள்லா."

"பெத்தம்மாளுக்கு?"

"பெத்தம்மா என்ன, ஒன் கூடப் பொறந்தவளா?"

"கூடக் குனிஞ்சவ."

கூட்டத்தில் கை தூக்கச் சொன்னால் நான் என்ன செய்யட்டும் என்று கடைசியில் எலியேசர் கேட்டார். அவர் குரலில் கோபம் இல்லை. ஒரு பக்கம் சபை, ஒரு பக்கம் பெண்டாட்டி, நடுவில் மகள். பாவம், அந்த மனிதரை இப்படி நிறுத்தியதற்காக எனக்கே வருத்தம்.

"ஒம்ம கை ஒம்மது," என்றாள் ஜெயக்கொடி. "எனக்காகத் தூக்க வேண்டாம். என்னைய வச்சுத் தூக்கவும் வேண்டாம்."

6

வருஷக் கூட்டமும், அறுப்புக்கு இறங்குமுன் வைக்கும் அறுப்பின் பண்டிகை அசனமும் ஒரே நாளில் நடப்பது அந்தச் சபையின் வழக்கம். அசனம் என்றால் சபை முழுவதும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடும் பொதுச் சாப்பாடு. காலையில் ஆராதனை, அது முடிந்ததும் கூட்டம், கூட்டம் முடிந்ததும் சோறு.

இதில் ஒரு சின்ன ஏற்பாடு உண்டு. யார் எப்போது செய்த ஏற்பாடு என்று யாருக்கும் தெரியாது. கூட்டத்தில் பாட்டு, ஜெபம், வருஷ அறிக்கை எல்லாவற்றுக்கும் பெண்கள் தங்கள் பக்கத்துப் பாயில் இருப்பார்கள். தீர்மானம் எடுக்கும் நேரம் வந்ததும் உபதேசியார், பெண்கள் அசன வேலையைப் பார்க்கலாம் என்பார். அவர்கள் எழுந்து வெளியே போய் அடுப்பு மூட்டுவார்கள். உள்ளே ஆண்கள் கை தூக்குவார்கள். கை தூக்கி முடிவதற்கும் சோறு பொங்குவதற்கும் சரியாக இருக்கும்.

பெண்களுக்கு ஓட்டு இல்லை என்று அந்தச் சபையில் யாரும் ஒருநாளும் சொன்னதில்லை. சொல்லத் தேவைப்படவில்லை. ஓட்டு நடக்கும்போது அவர்கள் சமைத்துக்கொண்டிருந்தார்கள்.

(இந்தப் பத்தியைத்தான் சுயம்புலிங்கம் கட்டுரையிலிருந்து எடுக்கச் சொன்னார். சமையல் என்பது மலரின் வரம்புக்குள் வராது என்றார். எடுத்ததை இங்கே வைத்துவிட்டேன்.)

1937 தை. வெளியே மூன்று கல் கூட்டி அண்டா ஏற்றியிருந்தது. அரிசி களைந்து வைத்திருந்தது. கத்தரிக்காய் நறுக்கித் தண்ணீரில் கிடந்தது. விறகுக் குவியல் பக்கம் பெத்தம்மாள் நின்றாள். வேதக்காரி இல்லாததால் கூட்டத்துக்குள் அவளுக்கு இடமில்லை, ஆனால் தெருவில் நிற்பதை யாரும் தடுக்க முடியாது. அவளுக்குப் பின்னால் அவள் பக்கத்துப் பெண்கள் வந்து நின்றார்கள். உள்ளே எடுக்கப்போகும் தீர்மானம் அவர்களுடைய கூலியையும் சேர்த்துத்தான்.

உள்ளே மேசைக்குப் பின்னால் நின்றிருந்த வேதசிரோமணி வருஷ அறிக்கையை முடித்துவிட்டு, பெண்கள் அசன வேலையைப் பார்க்கலாம் என்றார்.

ஒருத்தியும் எழவில்லை.

காதில் விழவில்லை என்று நினைத்து மறுபடியும் சொன்னார். எழவில்லை. ஜெயக்கொடி மடியில் கையை வைத்துக்கொண்டு நேராகப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். அருள்செல்வி அவள் பக்கத்தில் ஒட்டி உட்கார்ந்திருந்தாள். ஆண்கள் பக்கம் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். சிலர் வாசல் வழியாக அண்டாவை எட்டிப் பார்த்தார்கள்.

"அடுப்பு இன்னும் பத்தலியே," என்றார் வேதசிரோமணி.

"பத்தும் ஐயா. ஓட்டு முடியட்டும், பொறவு பத்தும்," என்றாள் ஜெயக்கொடி.

அவர் பொறுமையாகத்தான் விளக்கினார். சபையின் ஒழுங்குப்படி சந்தா கட்டியவர்களுக்குத்தான் ஓட்டு. பெண்கள் போடுவது காணிக்கை. காணிக்கை பெரியது, சந்தாவைவிட உயர்ந்தது, அதற்குக் கடவுள் பலன் தருவார். ஆனால் ஓட்டு என்பது வேறு.

ஜெயக்கொடி எழுந்து நின்றாள். அவள் கூட்டத்தில் பேசுவது அதுதான் முதல் தடவை. குரல் கொஞ்சம் நடுங்கியது. நடுக்கத்தை எடுத்துவிடலாமா என்று யோசித்தேன், இருக்கட்டும். நடுங்கிக்கொண்டேதான் பேசினாள்.

"கையால போட்ட வரைக்கும் காணிக்கதான், ஐயா. அப்பம் எம்புட்டுன்னு நீங்களும் கேக்கல, நாங்களும் சொல்லல. பொறவு நீங்க அளவு வச்சிய. இம்புட்டுப் போடணும்னிய. கொறஞ்சதுன்னு திருப்பி அனுப்புனிய. அளவு வச்சு, கொறஞ்சா திருப்பி அனுப்புறதுக்குப் பேரு காணிக்க இல்ல. அது வரி. வரி கட்டுறவனுக்கு ஓட்டு உண்டுன்னு ராசபாளையம் ரோட்டுல காரு வச்சுச் சொல்லுதாவ."

ஆண்கள் பக்கத்தில் யாரோ சிரித்தார்கள். எலியேசர் சிரிக்கவில்லை. வேதசிரோமணியும் சிரிக்கவில்லை. அவர் படித்தவர், அவருக்குப் புரிந்துவிட்டது. குவளையைத் திரும்ப வாங்கிக்கொண்டு பழையபடி கையாலேயே போடுங்கள் என்றால் அரிசியைக் கேட்கும் உரிமை போய்விடும். குவளைதான் சட்டம் என்றால் ஓட்டைக் கொடுக்க வேண்டும். இரண்டு பக்கமும் அவர் கட்டிய சுவர்தான்.

கடைசியில் எல்லோரும் செய்வதையே அவரும் செய்தார். கேள்வியைத் தாண்டித் தீர்மானத்துக்குப் போனார். சபைப் பெண்கள் முதல் நாளே பண்ணை அறுப்புக்கு இறங்குவது என்று வாசித்தார். சம்மதிக்கிறவர்கள் கை தூக்கலாம் என்றார். ஆண்கள் பக்கத்தில் கைகள் எழுந்தன. எல்லாக் கைகளும் இல்லை. எலியேசரின் கை மடியிலேயே இருந்தது.

பிறகு வழக்கத்துக்காகவே, எதிர்க்கிறவர்கள் என்றார். அந்தச் சபையில் அதற்குப் பதில் வந்ததே கிடையாது.

ஜெயக்கொடி சேலை மடியில் மறைத்துக் கொண்டுவந்திருந்த தகரக் குவளையை எடுத்துத் தலைக்கு மேலே தூக்கினாள். அவளுக்கு அடுத்தவள் தூக்கினாள். அப்புறம் பாய் முழுக்கத் தகரம். கூரைப் பொத்தல் வழியாக விழுந்த வெயில் சிலவற்றின் மேல் பட்டது.

"இது என்னது?" என்றார் வேதசிரோமணி.

"கை வேண்டாம், தகரம் போதும்னு நீங்கதான சொன்னிய. எங்க கைய எண்ண மாட்டியன்னா இத எண்ணுங்க."

7

இங்கே நிறுத்திவிட்டுத் தேநீர் போட்டுக் குடித்தேன். முடிவு எழுத வேண்டும். மூன்று வந்தன, நான் கேட்காமலே.

ஒன்றில், வேதசிரோமணி தகரங்களை எண்ணாமலே கூட்டத்தை முடித்துவிடுகிறார். பெண்கள் அறுப்புக்குப் போகவில்லை. சேர்த்த அரிசியில் இரண்டு பக்கத்து வீடுகளும் கஞ்சி காய்ச்சிக் குடித்தன. வ. புதுப்பட்டிப் பக்கமிருந்து ஆள் கொண்டுவர மலைச்சாமி அலைந்தார். வயலில் நெல் உதிர ஆரம்பித்ததும் ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து பழைய மரக்கால் வண்டியேறி வந்தது. எல்லோருக்கும் அதிலேயே அளந்தார்கள்.

இன்னொன்றில், அவர் எண்ணுகிறார். தகரம் ஜெயிக்கிறது. தோற்ற மலைச்சாமி சபைக்கு அடியிலிருந்த மண்ணைத் திரும்பக் கேட்கிறார். பள்ளிக்கூடம் வேப்பமரத்தடிக்குப் போகிறது. வேதசிரோமணி மரத்தடியில் நின்று பாடம் நடத்துகிறார். அடுத்த வருஷக் கூட்டத்தில் பெண்கள் யாரும் எழுந்து போகவில்லை.

மற்றொன்றில், எண்ணுவதா வேண்டாமா என்று அவர் திகைத்து நிற்கும்போது எலியேசர் எழுந்து வெளியே போகிறார். கோபித்துக்கொண்டு போகிறார் என்று எல்லோரும் நினைக்கிறார்கள். அவர் அண்டாவுக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்து அடுப்பை ஊதுகிறார். பெத்தம்மாள் விறகு எடுத்துக் கொடுக்கிறாள். முதல் இலை அவளுக்குப் போடப்படுகிறது.

மூன்றும் நன்றாகத்தான் இருக்கின்றன. மூன்றையும் சுயம்புலிங்கத்துக்கு அனுப்பினேன். ஒரே மணி நேரத்தில் அழைத்தார், குரலில் சந்தோஷம். முதலாவது பொருளாதாரம், இரண்டாவது அரசியல், மூன்றாவது சமூகம், பிரச்சினையே தீர்ந்தது மேடம், மூன்றையும் மூன்று பகுதியில் போட்டுவிடலாம் என்றார். பக்க எண்கூட மூன்று கிடைக்கும் என்றார்.

அந்த நிமிஷமே மூன்றையும் திரும்ப எடுத்துக்கொண்டேன்.

இதைத்தானே மலைச்சாமியும் சொன்னார்? உங்களுக்கு மட்டும் தனியாகப் பெரிய மரக்கால். பிரித்துக் கொடுத்தால் எல்லோரும் வாங்கிக்கொண்டு போய்விடுவார்கள் என்று அவருக்குத் தெரியும். கூலி வேண்டுமென்றால் பெத்தம்மாளை விடு. பள்ளிக்கூடம் வேண்டுமென்றால் ஓட்டை விடு. ஜெயக்கொடி எதையும் விடாமல்தான் எழுந்து நின்றாள். அவளை அவ்வளவு தூரம் கொண்டுவந்து நிறுத்திவிட்டு, அவள் வாங்க மறுத்ததை நான் அவளுக்காக வாங்கிக்கொள்ள மாட்டேன்.

8

ஆகவே முடிவு இல்லை. மன்னிப்பும் கேட்கப் போவதில்லை.

வேதசிரோமணியை மட்டும் அந்த மேசைக்குப் பின்னாலிருந்து அனுப்பிவிடுகிறேன். களைத்துவிட்டார், போகட்டும். அந்த இடத்தில் உங்களை நிறுத்துகிறேன். ஆமாம், இவ்வளவு நேரம் சும்மா படித்துக்கொண்டிருந்தீர்களே, உங்களைத்தான். நீங்கள் எந்தத் துறை என்று கேட்கவில்லை.

வாசலுக்கு வெளியே பெத்தம்மாள் நிற்கிறாள். அடுப்பு பற்றவில்லை. வலது பக்கத்தில் பசித்த ஆண்கள் உங்கள் முகத்தைப் பார்க்கிறார்கள். எலியேசரின் கை இன்னும் மடியில் இருக்கிறது. இடது பக்கத்தில் தகரக் குவளைகள் தலைக்கு மேலே நிற்கின்றன. காலியான தகரம்தான், கனமில்லை. ஆனால் எதையும் ரொம்ப நேரம் தூக்கிப் பிடித்தால் தோள் வலிக்கும். அருள்செல்வி தன் கையையும் கொடுத்து அம்மாவின் முழங்கையைத் தாங்கிக்கொண்டிருக்கிறாள்.

எண்ணினால் அது கூலியில் போய் நிற்கும், நிலத்தில் போய் நிற்கும், யார் வீட்டில் யார் அடுப்பு ஊதுவது என்பதில் போய் நிற்கும். ஒன்றை மட்டும் எண்ணிவிட்டு வீட்டுக்குப் போக வழி வைத்திருக்கிறேனா என்று முன்பக்கங்களைப் புரட்டாதீர்கள். வைக்கவில்லை.

நான் பேனாவைக் கீழே வைத்துவிட்டேன். அவர்கள் கையைக் கீழே இறக்கவில்லை.

எண்ணுங்கள்.